பதிவான உயிலுக்கும் சாட்சி வேண்டுமா?

கேள்வி: ஐயா, பிள்ளையில்லாத எங்கள் பெரியம்மா 2011-ல் மேலூரில் உயில் பதிந்து, பெரியாற்றுக் கால்வாய்ப் பாசனத்தில் இருக்கும் ஒன்றரை ஏக்கரை எனக்கு எழுதி வைத்தார். கைநாட்டுதான் வைத்தார். அவர் காலமான பிறகு பெரியப்பாவின் தம்பி மகன்கள் போன வருஷம் உயிலே பொய் என்று வழக்குப் போட்டிருக்கிறார்கள். சாட்சிகளில் ஒருவர் இறந்துவிட்டார், இன்னொருவர் கால் விழுந்து திருப்பூரில் மகள் வீட்டில் படுக்கையில் கிடக்கிறார். பதிவான உயிலுக்கு எதற்குச் சாட்சி?

பதில்: வேண்டும், கட்டாயம் வேண்டும். தான செட்டில்மெண்ட் மாதிரிப் பத்திரமென்றால் அது பதிவாகியிருந்து, எழுதிக்கொடுத்ததையே எதிர்த்தரப்பு குறிப்பாக மறுக்காதவரை சாட்சியைக் கூப்பிடாமலே விட்டுவிடலாம். உயிலுக்கு அந்தச் சலுகை கிடையாது, ஏனென்றால் எழுதியவர் கூண்டேறி 'ஆமாம், நான்தான் எழுதினேன்' என்று சொல்ல முடியாத பத்திரம் அது. பழைய சாட்சியச் சட்டத்தில் 68-வது பிரிவாக இருந்ததுதான் 2024 ஜூலை 1-லிருந்து புதிய சாட்சியச் சட்டமான பாரதிய சாக்ஷிய அதிநியத்தில் 67-வது பிரிவு: சாட்சிக் கையெழுத்துப் போட்டவர்களில் உயிரோடு, பேசும் நிலையில் இருக்கிற ஒருவரையாவது விசாரித்தே ஆக வேண்டும்.

ஆகவே திருப்பூரில் இருப்பவர்தான் உங்கள் வழக்கின் உயிர்நாடி. படுக்கையில் இருந்தாலும் பேச்சும் நினைவும் தெளிவாக இருந்தால் போதும். மருத்துவச் சான்றை வைத்து இப்போதே வக்கீலிடம் மனுப் போடச் சொல்லுங்கள், கோர்ட் ஒரு வழக்கறிஞர் ஆணையரை நியமித்தால் அவர் வீட்டுக்கே போய், எதிர்த்தரப்பு வக்கீலும் குறுக்கு விசாரணை செய்ய, வாக்குமூலத்தைப் பதிவு செய்துகொள்வார். தள்ளிப்போடவே போடாதீர்கள்.

அவர் என்ன சொல்கிறார் என்பதில்தான் எல்லாமே இருக்கிறது. 'உயிலில் இருப்பது என் கையெழுத்துதான்' என்பதோடு நிறுத்திவிட்டால் போச்சு. பெரியம்மா ரேகை வைத்ததைத் தான் பார்த்தது, தானும் அவர் எதிரிலேயே கையெழுத்துப் போட்டது, இறந்துபோன அந்த இன்னொரு சாட்சியும் அதே மாதிரி பார்த்துப் போட்டது, இவ்வளவும் அவர் வாயிலிருந்து வர வேண்டும். ஒரே சாட்சியை வைத்து உயிலை நிரூபிக்கும்போது அவர் மற்றவரின் சாட்சிக் கையெழுத்தையும் சேர்த்து நிரூபிக்க வேண்டும் என்று உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. குறுக்கு விசாரணையில் யார் படித்துக் காட்டினார்கள், மை தடவியது எந்தக் கை, நீங்கள் கூட இருந்தீர்களா என்றெல்லாம் கேட்பார்கள். அவருக்கு எதையும் சொல்லிக்கொடுக்காதீர்கள், உயில் நகலைக் காட்டி நடந்ததை நினைவுபடுத்தினால் போதும்.

பத்திரம் எழுதியவரையும், பதிவின்போது அடையாளம் காட்டியவர்களையும் சாட்சி என்று நம்பிவிடக் கூடாது, ரேகை வைத்ததைப் பார்த்து சாட்சியாகவே கையெழுத்துப் போட்டவர் என்றால்தான் கணக்கு. ஒருவேளை திருப்பூர்க்காரருக்கும் பேச்சு நின்றுபோனால் புதிய சட்டத்தின் 68-வது பிரிவு இருக்கிறது: சாட்சிகளில் ஒருவரின் கையெழுத்தையும், பெரியம்மா வைத்த ரேகை அவருடையதுதான் என்பதையும் நிரூபிக்க வேண்டியிருக்கும். சார் பதிவாளர் அலுவலகப் பெருவிரல் ரேகைப் பதிவேட்டை வரவழைத்து நிபுணரை வைத்து ஒப்பிடச் சொல்லலாம். கூடுதல் ஆதாரமாக அதற்கான மனுவை இப்போதே போட்டு வைப்பது நல்லது.

கேள்வி: என் அப்பா 1987-ல் உசிலம்பட்டி பக்கம் வாங்கிய நிலத்தின் கிரயப் பத்திரத்தில் உள்ள சாட்சிகள் யாருமே இப்போது இல்லை. பத்திரம் செல்லாமல் போய்விடுமா?

பதில்: போகாது. கிரயத்துக்குச் சாட்சிக் கையெழுத்து வேண்டும் என்று சட்டமே சொல்லவில்லை, வழக்கத்தில் போடுவதுதான். அதோடு 30 வருஷம் தாண்டிய பத்திரத்தின் அசல், இருக்க வேண்டியவர் கையிலிருந்து வந்தால், அதிலுள்ள கையெழுத்துகள் உண்மையானவை என்று கோர்ட் அனுமானிக்கலாம் (உயிலுக்கு இது பொருந்தாது). 'அனுமானிக்கலாம்' என்றுதான் இருக்கிறது, கட்டாயமில்லை, அதனால் பட்டாவையும் பழைய கிஸ்தி (நிலவரி) ரசீதுகளையும் சேர்த்தே கொடுங்கள். அசல் அடகிலோ சொந்தக்காரர் வீட்டிலோ இருந்தால் முதலில் அதை மீட்டு உங்கள் கைக்குக் கொண்டு வாருங்கள்.