குணச்சித்திர நடிப்பு: கேட்டதும் சொன்னதும்

பதினாறு வருடம் சீரியலிலும் சினிமாவிலும் உதவி இயக்குநராக, பிறகு இணை இயக்குநராக வேலை பார்த்தவன் நான். குணச்சித்திர நடிகர்களைப் பற்றி வந்த கேள்விகளுக்கு இங்கே பதில் சொல்கிறேன்.

துணை நடிகரும் குணச்சித்திர நடிகரும் ஒன்றுதானே? (சேலம்)

இல்லை. கோடம்பாக்கத்தில் துணை நடிகர் என்றால் பெரும்பாலும் கூட்டத்தில் நிற்பவர். குணச்சித்திர நடிகருக்குப் பாத்திரம் உண்டு, வசனம் உண்டு, கால்ஷீட் உண்டு.

எனக்கு 34 வயது. இனிமேல் நடிக்க வரலாமா? (மதுரை)

தாராளமாக. டெல்லி கணேஷ் 1944-இல் பிறந்தவர், வல்லநாட்டுக்காரர். 1964 முதல் பத்து வருடம் விமானப்படையில் இருந்தார். டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவில் நடித்தார். பாலசந்தரின் 'பட்டினப்பிரவேசம்' 1977-இல் வந்தபோது அவருக்கு 33 வயது. பேருக்கு முன்னால் 'டெல்லி'யைச் சேர்த்தவரும் பாலசந்தர்தான். 1979-இல் வந்த 'பசி'க்கு மாநில அரசின் சிறப்புப் பரிசு கிடைத்தது. 2024 நவம்பரில் மறைவதற்குள் நானூறு படங்களைத் தாண்டிவிட்டார். அப்பா, மாமா, வாத்தியார் வேடங்களுக்கு வயது வந்தவர்தானே வேண்டும்? ஆனால் அந்த நாடக வருடங்களை மறந்துவிடாதீர்கள். வேலையில் இருந்துகொண்டே உங்கள் ஊர் நாடகக் குழுவில் சேருங்கள். ராத்திரி ஒத்திகை பழகிய உடம்பு ஷூட்டிங்கில் தானாக வேலை செய்யும்.

சீரியல் வாய்ப்பு வாங்கித் தருவதாக ஒருவர் ஐம்பதாயிரம் கேட்கிறார். கொடுக்கலாமா? (திருப்பூர்)

கொடுக்காதீர்கள். நடிப்பவருக்குத்தான் பணம் வரவேண்டும். நடிகர் பணம் கொடுக்கிற வழக்கமே கிடையாது.

சீரியலில் நடிப்பது சினிமாவைவிடச் சுலபமா? (கோவை)

கஷ்டம். ஒரே நாளில் ஏழெட்டு சீன் போகும். வசனத்தாள் அன்று காலையில்தான் கைக்கு வரும், பல சமயம் கேமராவுக்குப் பக்கத்திலிருந்து பிராம்ப்ட் செய்வோம், அதாவது வசனத்தை எடுத்துக்கொடுப்போம். அதைக் காதில் வாங்கிக்கொண்டே எதிரில் இருப்பவர் முகத்தையும் பார்க்கவேண்டும்.

ஒரு பெரியவர் எங்கள் சீரியலில் தாத்தாவாக நடித்தார். அன்றைக்கு அவருக்கு ஒரே ஒரு வரி. சாப்பாட்டு இடைவேளைக்குப் பிறகு நான் ஷாட்டுக்குக் கூப்பிட்டதும், "தம்பி, முன்னாடி காபி பாதி டம்ளர் இருந்தது, துண்டு இடது தோள்ல இருந்தது" என்றார். ஷாட்டுக்கு ஷாட் எது எங்கே இருந்தது என்று குறித்துவைக்கும் என் கண்டினியூட்டி நோட்டில் டம்ளர் மட்டும்தான் இருந்தது. துண்டை நான் எழுதவே இல்லை.

டெல்லி கணேஷ் காமெடி நடிகர்தானே? அவரை ஏன் குணச்சித்திரம் என்கிறீர்கள்? (நெல்லை)

'மைக்கேல் மதன காமராஜ'னில் பாலக்காட்டு மணி ஐயராகச் சிரிக்க வைத்தார், ஒப்புக்கொள்கிறேன். அதற்கு முந்தின வருடம், 1989-இல், 'அபூர்வ சகோதரர்க'ளில் நான்கு வில்லன்களில் ஒருவராக வந்தார். ஒரே ஆளை இரண்டுக்கும் நம்பினோம். அதுதான் குணச்சித்திரம்.

நெல்லைக்காரருக்கு என் ஆதரவு. 'நாயக'னில்கூட அவர் கமல் பக்கத்தில் நிற்பவர்தான். (சென்னை)

பக்கத்தில் நிற்பது சின்ன வேலை என்று நினைக்கிறீர்கள். வேலு நாயக்கர் பெரிய மனிதர் என்று நாம் நம்புவதற்குப் பாதிக் காரணம் டெல்லி கணேஷின் ஐயர் அவரைப் பார்க்கிற பார்வை. கூட இருப்பவர் நம்பாவிட்டால் ஹீரோ எவ்வளவு நடித்தும் எடுபடாது.

45 வயதில் வரலாமா? (ஈரோடு)

மதுரைக்காரருக்குச் சொன்னதைப் படியுங்கள்.

போட்டோ ஆல்பம் எடுக்க இருபதாயிரம் கட்டச் சொல்கிறார்கள், கட்டினால் வேடம் நிச்சயமாம். (வேலூர்)

கட்டாதீர்கள். மூன்றாவது தடவை யாரும் இதைக் கேட்கவேண்டாம். செல்போனில் வெளிச்சத்தில் எடுத்த இரண்டு படமும், ஒரு நிமிடம் பேசிய வீடியோவும் போதும்.

ஒப்பந்தத்தில் டப்பிங் சம்பளம் தனியாக எழுதவேண்டுமா? (தஞ்சாவூர்)

எழுதி வாங்குங்கள். வாசகத்தை வக்கீலிடம் காட்டுங்கள்.

பக்கத்தில் நிற்பது பெரிய வேலை என்றால் ஒரே ஒரு காட்சி சொல்லுங்கள் பார்ப்போம். (மறுபடியும் சென்னை)

'சிந்து பைரவி', 1985. மிருதங்கக்காரர் குருமூர்த்தியாக டெல்லி கணேஷ், கச்சேரிக்குக் குடித்துவிட்டு வருகிறார். பாடகர் ஜே.கே.பி.யாக வரும் சிவகுமார் அவரை மேடையிலிருந்து அனுப்பிவிட்டு, மிருதங்கம் இல்லாமலேயே பாடுகிறார். பாட்டும் கைத்தட்டலும் சிவகுமாருக்கு. டெல்லி கணேஷுக்குக் கிடைத்தது அவமானப்பட்டு எழுந்து போகிற வேலை. அவர் அங்கே கோமாளித்தனமாகத் தள்ளாடியிருந்தால் ஜே.கே.பி.யின் கோபம் அற்பமாகிப்போயிருக்கும். நிஜமாகவே வெட்கப்பட்டதால்தான், பின்னால் ஜே.கே.பி.யே குடியில் விழும்போது நமக்கு அந்த மேடை ஞாபகம் வருகிறது. படத்தைப் போட்டு, பாடுகிறவரை விட்டுவிட்டு அவரை மட்டும் பாருங்கள். அப்புறம் வாருங்கள், பேசுவோம்.