நடு அறைக்குப் பகல் வெளிச்சம்: எதை வாங்குவது?

கேள்வி: தோட்டத்தை விட்டு வந்தபின் சுங்கை சிப்புட்டில் வாங்கிய ஒற்றை மாடி வரிசை வீட்டில் வசிக்கிறோம். இரு பக்கமும் அண்டை வீட்டுச் சுவர்கள் என்பதால் நடு அறை பகலிலும் இருட்டாகவே இருக்கிறது. 18 வாட் எல்.இ.டி. குழல் விளக்குகள் இரண்டு, நாள்தோறும் 10 மணி நேரம் எரிகின்றன. கூரையில் ஒளிக்குழாய் (பகல் வெளிச்சத்தை அறைக்குள் இறக்கும் குழாய்) பொருத்தினால் மின்கட்டணம் பாதியாகும் என்று கூறி, ஒரு விற்பனையாளர் 1,200 வெள்ளி (மலேசிய ரிங்கிட்) கேட்கிறார். கூரையில் பதிக்கும், ஒளி புகும் பாலிகார்பனேட் பிளாஸ்டிக் தகடே மலிவு என்கிறார் என் மைத்துனர். எதை வாங்கலாம்?

பதில்: கட்டணம் பாதியாகும் என்ற பேச்சை முதலில் ஒதுக்கிவிடுங்கள். உங்கள் இரு விளக்குகளும் சேர்ந்து மாதத்திற்கு ஏறத்தாழ 11 யூனிட் மின்சாரத்தையே எடுத்துக்கொள்கின்றன. யூனிட் 50 காசு என வைத்துக்கொண்டாலும் அது ஐந்தரை வெள்ளிதான். போட்ட பணம் திரும்பிவர 18 ஆண்டுகளாகும். பழைய 36 வாட் குழல் விளக்குகளாக இருந்தால், அவற்றை எல்.இ.டி.க்கு மாற்றச் சொல்லியிருப்பேன். அதை நீங்கள் ஏற்கெனவே செய்துவிட்டீர்கள்.

பகலில் விளக்கில்லாமல் புழங்கும் வசதிக்காகவே வேண்டுமென்றால், ஒளிக்குழாய் நல்ல பொருள். உட்புறம் கண்ணாடிபோல் பளபளக்கும் அலுமினியக் குழாய் வழியாக வெளிச்சம் இறங்குகிறது. கூரையில் திறப்பு சிறிதாக இருப்பதால் வெப்பம் அதிகம் நுழைவதில்லை. மைத்துனர் சொல்லும் தகடு மலிவுதான் என்றாலும், நிலநடுக்கோட்டுக்கு அருகிலுள்ள நம் நாட்டில் நண்பகல் வெயில் ஏறக்குறைய தலைக்கு நேராக விழுவதால், தெளிவான பெரிய தகட்டின் கீழுள்ள அறை விரைவில் சூடேறும். அதைத் தணிக்க ஒரு குதிரைத்திறன் குளிர்சாதனம் கூடுதலாக ஒரு மணி நேரம் ஓடினாலே, இரு விளக்குகளின் ஒரு நாள் செலவைப்போல் இரு மடங்கு மின்சாரம் போய்விடும். தகடுதான் என்று முடிவெடுத்தால், பால் நிறத்தில் சிறியதாக வாங்குங்கள்; புறஊதாக் காப்புப் பூச்சுள்ள பக்கம் மேல்நோக்கி இருக்க வேண்டும், இல்லையேல் சில ஆண்டுகளில் மஞ்சளித்துவிடும். பழைய வீட்டின் உட்கூரை அஸ்பெஸ்டாஸாக (அறுத்தால் பறக்கும் தூசி நுரையீரலுக்குத் தீங்கானது) இருக்கக்கூடும் என்பதால், சோதிக்காமல் அறுக்கவிடாதீர்கள்.

நான் உங்கள் இடத்தில் இருந்தால், முதலில் சுவருக்கும் உட்கூரைக்கும் வெள்ளைச் சாயம் பூசி, முன்னறைக் கதவுக்கு மேல் வெளிச்சம் புகும் கண்ணாடி வைத்துப் பார்ப்பேன். முன்னறைச் சன்னல் வெளிச்சம், சன்னலின் மேல்விளிம்பு உயரத்தைப்போல் இரு மடங்கு தொலைவு வரையே பயனளிக்கும் என்பதால் நடு அறையை அது முழுதும் எட்டாது; ஆனாலும் ஒரு விளக்கையாவது அணைக்கலாம்.

ஒளிக்குழாயே வாங்குவதானால், மழைநீர் ஒழுகாது என்ற உத்தரவாதத்தை ரசீதில் எழுதி வாங்குங்கள். தகராறு வந்தால், 50,000 வெள்ளி வரையிலான கோரிக்கைகளை வழக்கறிஞர் இல்லாமலேயே பயனீட்டாளர் நடுவர் மன்றத்தில் தாக்கல் செய்யலாம். அங்கு அந்த ரசீதுதான் உங்களுக்குச் சாட்சி.