டீச்சர் பதில்கள்: ஏஜா வில்சனின் 1,021 புள்ளிகள்

போன இதழில், அமெரிக்கப் பெண்கள் கூடைப்பந்து லீக்கான டபிள்யூ.என்.பி.ஏ.வில் லாஸ் வேகாஸ் ஏசஸ் அணியின் ஏஜா வில்சன் 2024 சீசனில் 1,021 புள்ளி எடுத்தார், ஒரே சீசனில் ஆயிரத்தைத் தாண்டிய முதல் ஆள் அவர்தான் என்று நாலு வரி எழுதியிருந்தேன். அதற்கு இத்தனை கடிதம் வரும் என்று யார் கண்டது! கிரிக்கெட் பற்றி எழுதினால்கூட நம் டர்பன் ஆட்கள் இப்படிச் சண்டைக்கு வருவதில்லை. இந்த இதழ் முழுக்க அந்தக் கேள்விகள்தான். பழனி பாதயாத்திரை பற்றிக் கேட்ட அம்மா, தயவு செய்து அடுத்த இதழ் வரை பொறுத்துக்கொள்ளுங்கள். நான் நெட்பால் (கூடைப்பந்து மாதிரியே, ஆனால் பந்தைத் தட்டிக்கொண்டு ஓடாமல் ஆடுவது) சொல்லிக்கொடுத்த டீச்சர்; அந்த யாத்திரைக்கு வேறு யாரையாவது விசாரித்துத்தான் சொல்ல வேண்டும்.

எங்கள் பள்ளியில் கோல் ஷூட்டர் பெண் ஒரு ஆட்டத்துக்கு முப்பது, நாற்பது கோல் சாதாரணமாகப் போடுகிறாள். உங்கள் வில்சனின் சராசரி 26.9 தானே? இதற்கு ஏன் இத்தனை ஆர்ப்பாட்டம்?
*நெட்பால் பயிற்சியாளர், வெருலம்*

நல்லா மாட்டினீர்கள். நானும் ஆயுள் முழுக்க நெட்பால் மைதானத்தில் நின்றவள், அதனால் தைரியமாகச் சொல்கிறேன்: இரண்டு எண்ணையும் பக்கத்தில் பக்கத்தில் வைக்கவே கூடாது.

ரிங் இரண்டுக்கும் ஒரே உயரம், 3.05 மீட்டர். நெட்பால் ரிங் இன்னும் சின்னது, பின்னால் பலகையும் கிடையாது. அந்த வகையில் நம் பிள்ளைகள் செய்வதுதான் கஷ்டம், ஒத்துக்கொள்கிறேன். ஆனால் நெட்பாலில் ஏழு பேரில் கோல் ஷூட்டர், கோல் அட்டாக் என்ற இரண்டே பேர்தான் ரிங்கில் போடலாம். மற்ற ஐந்து பேர் என்னதான் சாமர்த்தியசாலியாக இருந்தாலும் பந்தை அந்த அரைவட்டத்துக்குக் கொண்டுவந்து கொடுக்க வேண்டும், அவ்வளவுதான். தடுப்பவள் 0.9 மீட்டர் தள்ளி நிற்க வேண்டும் என்று சட்டமே இருக்கிறது. ஆட்டம் 60 நிமிடம். 2023-இல் கேப் டவுனில் நடந்த உலகக் கோப்பையில் ஜமைக்காவின் ஜனீல் ஃபவுலரைப் பார்த்திருப்பீர்கள்: 1.98 மீட்டர் உயரம், ரிங்குக்கு அடியில் நின்று கையைத் தூக்கினால் போதும், பந்து அங்கே வந்துவிடும்.

டபிள்யூ.என்.பி.ஏ.வில் ஆட்டம் 40 நிமிடம். ஐந்து பேரில் யார் வேண்டுமானாலும் போடலாம், அதனால் ஒருத்திக்கென்று பந்து வந்து காத்திருக்காது. தடுப்பவள் மார்போடு மார்பாக நிற்பாள், முகத்துக்கு நேரே கையை ஆட்டுவாள், போதாதற்கு பின்னாலிருந்து இன்னொருத்தியும் ஓடி வருவாள். அப்படி இருந்தும் 2024-இல் வில்சன் எறிந்ததில் பாதிக்கு மேல் உள்ளே போனது. தன் அணி எடுத்த மொத்தப் புள்ளியில் மூன்றில் ஒரு பங்குக்குக் கொஞ்சம் குறைவாக அவர் ஒருவரே எடுத்தார்.

ஒரு ஆட்டத்தைப் பிரித்துக் காட்டுகிறேன். 2023 ஆகஸ்ட் 22, அட்லாண்டாவில் அவர் 53 புள்ளி எடுத்து, அதுவரை இருந்த ஒற்றை ஆட்டச் சாதனையைச் சமன் செய்தார். எனக்கு ஸ்கோர் புக்கில் போட்டால் வட்டம், தவறினால் கோடு என்று குறிக்கும் பழைய பழக்கம் இருக்கிறது, அதனால் இந்த மாதிரிக் கணக்கென்றால் விடமாட்டேன். 23 தடவை எறிந்தார், 16 விழுந்தது. அதில் ஒன்றே ஒன்றுதான் கோட்டுக்கு வெளியிலிருந்து போட்ட மூன்று புள்ளி, மற்ற 15-ம் இரண்டு புள்ளி. ஆக 33. மீதி இருபதும் ஃப்ரீ த்ரோ, அதாவது எதிராளி தப்பு செய்தால் யாரும் தடுக்காமல் எறியக் கிடைக்கும் ஒற்றைப் புள்ளி: 21 தடவை கிடைத்தது, 20 விழுந்தது. இந்த இருபதைத்தான் கவனிக்க வேண்டும். ஃப்ரீ த்ரோ சும்மா கிடைக்காது. கூட்டத்துக்குள் புகுந்து, அடிவாங்கி, விசில் வாங்கி, அப்புறம் மூச்சு இரைக்க இரைக்க அந்தக் கோட்டில் போய் நின்று, ஓடின கால் நடுங்க எறிய வேண்டும். உங்கள் ஷூட்டர் பெண்ணை மைதானத்தை நாலு சுற்று ஓடவிட்டு, உடனே 21 தடவை போடச் சொல்லிப் பாருங்கள். பிறகு எனக்கு எழுதுங்கள்.

முன்பெல்லாம் குறைவான ஆட்டங்கள். இப்போது சீசனை நீட்டிவிட்டு 'சாதனை, சாதனை' என்கிறார்கள். இது என்ன நியாயம்?
*ஓய்வுபெற்ற ஆலைத் தொழிலாளி, மெர்பேங்க்*

ஐயா, உங்கள் கோபத்தில் பாதி நியாயம் இருக்கிறது. மீதிப் பாதிக்குக் கணக்குப் போடுவோம்.

டயானா டவுராசி 2006-இல் அமெரிக்காவின் ஃபீனிக்ஸ் அணிக்கு 34 ஆட்டத்தில் 860 புள்ளி எடுத்தார், சராசரி 25.3. அந்த 860 பதினேழு வருடம் அசையாமல் நின்றது. 2023-இல் ஜுவல் லாய்ட் 38 ஆட்டத்தில் 939 எடுத்து அதைத் தாண்டினார். ஆனால் அவருடைய சராசரி 24.7, டவுராசியைவிடக் குறைவு. நீங்கள் சொல்வது இங்கே அப்படியே பொருந்துகிறது: மொத்தம் கூடியது, ஆட்டத்துக்கு இவ்வளவு என்று பார்த்தால் குறைந்தது.

வில்சனிடம் வாருங்கள். 2024-இல் அணிக்கு 40 ஆட்டம், அவர் ஆடியது 38. சராசரி 26.9. டவுராசி போல 34 ஆட்டம்தான் என்று வைத்தாலும் 913 பக்கம் வந்திருக்கும். மொத்தத்திலும் முதல், சராசரியிலும் முதல். அதனால்தான் லாய்டைப் பற்றி எழுதாத நான் இவரைப் பற்றி எழுதினேன்.

இருந்தாலும் உங்கள் மனம் குளிர ஒன்று சொல்கிறேன். டவுராசிக்கு 40 ஆட்டம் கொடுத்து அதே வேகத்தில் ஆடவிட்டிருந்தால் அவரும் 1,012 அளவுக்கு வந்திருப்பார்! உடனே துள்ள வேண்டாம். 2006-இல்தான் லீக் ஆட்டமுறையை மாற்றியது. ஒரு அணி ரிங்கில் எறியாமல் பந்தை வைத்துக்கொள்ளும் நேரத்தை 30 வினாடியிலிருந்து 24 ஆகக் குறைத்தார்கள். டவுராசியின் பயிற்சியாளர் பால் வெஸ்ட்ஹெட் 'ஓடு, எறி, மறுபடி ஓடு' என்று விரட்டுகிற ஆள். அந்த மாதிரி ஆட்டத்தில் எறியும் வாய்ப்பே அதிகம். அவரவர் காலம் அவரவருக்கு உதவித்தான் இருக்கிறது, ஐயா.

இத்தனை புள்ளி எடுத்தும் அந்த வருடம் ஏசஸ் கோப்பை வாங்கவில்லையே?
*கணக்கியல் மாணவி, பீட்டர்மாரிட்ஸ்பர்க்*

தங்கச்சி, வந்த கடிதங்களில் எனக்கு ரொம்பப் பிடித்த கேள்வி இதுதான். உனக்குப் பேரேடு பார்க்கத் தெரியும், அதனால் மூன்று வருடத்தையும் வரிசையாகப் பார்.

2023: வில்சன் சராசரி 22.8. ஏசஸ் 40-இல் 34 வெற்றி, கோப்பையும் அவர்களுக்கே.
2024: சராசரி 26.9. அணிக்கு 27 வெற்றி, அரையிறுதியில் நியூயார்க்கிடம் தோல்வி.
2025: சராசரி 23.4. மறுபடியும் கோப்பை.

அவர் அதிகம் எடுத்த வருடம்தான் அணி தோற்ற வருடம். ஏன்? அணியில் பந்தைப் பங்கிட்டுக் கொடுக்கும் செல்சி கிரே 2023 இறுதிச் சுற்றில் காலில் காயம் பட்டு, 2024-இல் முதல் 12 ஆட்டம் ஆடவில்லை. அந்தப் பன்னிரண்டில் 6 வெற்றி, 6 தோல்வி. பந்து வர வேண்டிய வழி அடைபட்டால் யாராவது ஒருத்தி தானே எடுத்துக்கொண்டு போக வேண்டும். வில்சன் எடுத்துக்கொண்டு போனார். நடுவில் பாரிஸ் ஒலிம்பிக் வேறு: ஃபிரான்ஸை 67-66 என்று ஒரே புள்ளியில் ஜெயித்த இறுதி ஆட்டத்தில் 21 புள்ளி. திரும்பி வந்து செப்டம்பரில் சாதனை.

ஆகவே 1,021 என்ற எண்ணைப் பார்த்தால் 'எவ்வளவு கெட்டிக்காரி' என்று மட்டும் நினைக்காதே, அவள் தலையில் எவ்வளவு பாரம் விழுந்தது என்றும் பார். ஓட்டு போட்டவர்கள் அதைப் பார்த்திருக்கிறார்கள். சிறந்த வீராங்கனை விருதுக்கு அந்த வருடம் முதல் இடத்துக்கான ஓட்டு ஒன்றுகூட வேறு யாருக்கும் விழவில்லை. 1997-இல் சிந்தியா கூப்பருக்குப் பிறகு அப்படி நடந்தது அப்போதுதான். கோப்பை ஜெயித்த 2023-இல் அவருக்கு மூன்றாம் இடம்தான் கொடுத்தார்கள் என்பது வேறு விஷயம். எனக்கு அதில் இன்னும் வயிற்றெரிச்சல் உண்டு.

2025-ஐப் பற்றி ஒரு வார்த்தை. ஆகஸ்ட் 2-ஆம் தேதி மினசோட்டாவிடம் 111-58 என்று உதை வாங்கினார்கள், சொந்த ஊரிலேயே. முடிந்தது கதை என்று நானும் தொலைபேசியை மூடிவிட்டுத் தூங்கப் போனேன். அதற்கு அப்புறம் லீக் ஆட்டங்கள் முடியும் வரை ஒன்றில்கூடத் தோற்கவில்லை, தொடர்ந்து 16 வெற்றி. அந்த ஓட்டத்திலும் வில்சன்தான் முன்னால் நின்றார். ஆனால் இந்தத் தடவை பக்கத்தில் ஆள் இருந்தது.

நம் நாட்டில் ஆளே இல்லையா? அமெரிக்கப் பெண்ணைப் பற்றி ஏன் எழுதுகிறீர்கள்?
*ஒரு தாத்தா, லெனேசியா*

இருக்கிறார்கள் தாத்தா. ஐரீன் வான் டைக் பற்றி இந்தப் பகுதியிலேயே எழுதியிருக்கிறேன். நம் தென்னாப்பிரிக்காவில் பிறந்து, நமக்கு ஆடி, பிறகு நியூசிலாந்துக்குப் போய் அவர்களுக்கும் ஆடிய கோல் ஷூட்டர். அவர் போனதில் எனக்கு இன்னும் வருத்தம்தான்.

வில்சனை நான் எழுதுவதற்கு இன்னொரு காரணமும் உண்டு, அது உங்களுக்குச் சொன்னால் புரியும். 2021 ஜனவரியில், அவர் படித்த தென் கரோலினா பல்கலைக்கழகம் அவருக்கு வெண்கலச் சிலை வைத்தது. திறப்பு விழாவில் அவர் தன் பாட்டியைப் பற்றிச் சொன்னார். சின்ன வயதில் பாட்டியால் அந்த வளாகத்துக்குள் நடக்க முடியாது, கறுப்பினத்தவர் என்பதால் சுற்றிக்கொண்டுதான் போக வேண்டும். சுற்றிப் போன அதே மண்ணில் இப்போது பேத்தியின் சிலை நிற்கிறது. எந்த இனத்தார் எங்கே குடியிருக்கலாம் என்று பிரித்த குரூப் ஏரியாஸ் சட்டத்தில் கேட்டோ மேனரிலிருந்து சாட்ஸ்வொர்த்துக்கு மூட்டை கட்டின குடும்பம் எங்களுடையது. எந்தப் பெஞ்சில் உட்காரலாம், எந்தக் கடலில் கால் நனைக்கலாம் என்று பலகை பார்த்து நடந்த எங்கள் ஆயாவுக்கு இந்தக் கதையை விளக்கவே வேண்டியிருந்திருக்காது.

மகளுக்கு 13 வயது, வகுப்பிலேயே உயரம் அவள்தான். பள்ளியில் நெட்பால் மட்டும்தான். அவளோ கூடைப்பந்துதான் வேண்டும் என்று அடம். என்ன செய்வது?
*ஒரு தாய், ஃபீனிக்ஸ் (டர்பன்)*

இரண்டையும் ஆடவிடுங்கள், அம்மா. நெட்பாலில் பந்தைப் பிடித்ததும் நிற்கவும், கண்ணால் ஆள் தேடவும், வேகமாக விட்டுவிடவும் பழகுவாள். அது கூடைப்பந்தில் பொன் மாதிரி. சிரமம் ஒன்றே ஒன்று: கூடைப்பந்தில் பந்தைத் தட்டிக்கொண்டு ஓட வேண்டும், நெட்பாலில் அப்படி ஓடினால் விசில். முதல் சில வாரம் இரண்டு மைதானத்திலும் திட்டு வாங்குவாள், பிறகு கால் தானாகப் பழகிவிடும். வீட்டு முற்றத்தில் தினமும் சாயங்காலம் பந்து தட்டட்டும், வலக்கையால் தட்டுகிற அளவுக்கு இடக்கையாலும். பக்கத்து வீட்டில் சத்தம் போட்டால் ஒரு தட்டு சமோசா அனுப்பிவிடுங்கள்.

உயரத்தை மட்டும் நம்ப வேண்டாம். வில்சன் 1.93 மீட்டர், அப்பா ஐரோப்பாவில் தொழில்முறையாக ஆடியவர். அப்படியும் சின்ன வயதில் ஆட இறக்காமல் பெஞ்சில் உட்காரவைத்த பிள்ளைதான் அவர். அப்பா விடாமல் பயிற்சி கொடுத்திருக்கிறார்.

இந்த ஆட்டங்களை எல்லாம் எப்போது பார்க்கிறீர்கள்? தூங்குவதே இல்லையா?
*டொங்காட் வாசகி*

வேகாஸில் இரவு 7 மணி என்றால் நமக்கு மறுநாள் விடிகாலை 4. நான் எப்படியும் விளக்கேற்ற எழுந்துவிடுவேன். அட்லாண்டா, நியூயார்க் என்றால்தான் தொல்லை, நடுராத்திரி ஒரு மணி. புரட்டாசியில் பிளே-ஆஃப், அதாவது கோப்பைக்கான கடைசிச் சுற்றுகள், வந்துவிடுகிறது. விரதமும் தூக்கமின்மையும் சேர்ந்தால் வீட்டில் என்னிடம் யாரும் பேச மாட்டார்கள்.

வில்சனா, கேட்லின் கிளார்க்கா?
*தோழிகள் நாலு பேர், சாட்ஸ்வொர்த்*

கிளார்க் 2023-24 கல்லூரி சீசனில் 39 ஆட்டத்தில் 1,234 புள்ளி, அதில் 201 தடவை மூன்று புள்ளி. கல்லூரிப் பெண்கள் கூடைப்பந்தில் அதற்கு முன் அப்படி யாரும் போட்டதில்லை. லீக்குக்கு வந்த முதல் வருடமே சராசரி 19.2, கூடவே ஒரே சீசனில் 337 அசிஸ்ட் (தோழி புள்ளி எடுக்கும்படி பந்து கொடுப்பது), அதுவும் சாதனை. தூரத்திலிருந்து எறிவதையும், இல்லாத சந்தில் பந்து கொடுப்பதையும் பார்க்க வேண்டுமென்றால் கிளார்க். கூட்டத்துக்கு நடுவில் நின்று போடுவதையும், மறு முனைக்கு ஓடி எதிராளி எறிந்த பந்தைத் தட்டிவிடுவதையும் பார்க்க வேண்டுமென்றால் வில்சன். கடைசி ஒரு நிமிடம், ஒரு புள்ளி பின்தங்கி இருக்கிறோம், யாரிடம் பந்தைக் கொடுப்பேன் என்றால் வில்சனிடம்தான். நாலு பேரில் மூன்று பேர் கிளார்க் கட்சி என்று எழுதியிருக்கிறீர்கள். அந்த நாலாவது பெண்ணை என்னிடம் அனுப்புங்கள், டீ போட்டுத் தருகிறேன்.