இடுப்பில் துப்பாக்கியோடு மாநில எல்லை தாண்டுவது: கேள்வி பதில்

நான் வக்கீல் இல்லை. டெக்சாஸில் கைத்துப்பாக்கி லைசென்ஸ் வகுப்பு எடுக்கிறவன். விடுமுறை நெருங்கினால் நம் ஆட்களிடமிருந்து கேள்விகள் குவியும், எல்லாருமே காரில் நாலைந்து மாநிலம் கடந்து சொந்தக்காரர் வீட்டுக்குப் போகிறவர்கள். இந்த முறை வந்தவற்றில் பலருக்கும் உதவக்கூடியதை எடுத்துப் பதில் எழுதுகிறேன். வழக்கு என்று வந்துவிட்டால் அந்த மாநில வக்கீலைத்தான் பார்க்க வேண்டும்.

டாலஸிலிருந்து ஒருவர்: டெக்சாஸில் 2021 செப்டம்பரிலிருந்து லைசென்ஸே தேவையில்லை. துப்பாக்கி வைத்திருக்கும் உரிமையைத் தருகிற, அரசியல் சட்டத்தின் இரண்டாவது திருத்தம் நாடு முழுவதற்கும்தானே? டிரைவிங் லைசென்ஸ் எல்லா மாநிலத்திலும் செல்லுகிற மாதிரி இதுவும் செல்லாதா?

அண்ணா, ஆட்களை மாட்டிவிடுவதே இந்த டிரைவிங் லைசென்ஸ் ஒப்பீடுதான். ஒரு மாநிலத்தின் துப்பாக்கி லைசென்ஸை இன்னொரு மாநிலம் ஏற்றே தீர வேண்டும் என்று மத்தியச் சட்டம் எதுவும் இல்லை. 2017 டிசம்பரில் அப்படி ஒரு மசோதா பிரதிநிதிகள் சபையில் 231க்கு 198 என்று நிறைவேறியது, செனட்டில் அப்படியே கிடந்துவிட்டது. அதனால் யாருடைய லைசென்ஸை ஏற்பது என்பது ஒவ்வொரு மாநிலமும் தானே எடுக்கிற முடிவு. 2024 நிலவரப்படி 29 மாநிலங்களில் லைசென்ஸ் இல்லாமலே மறைத்து எடுத்துச் செல்லலாம். இன்னொரு பக்கம் கலிபோர்னியா, நியூயார்க், நியூஜெர்சி, மேரிலாந்து, இல்லினாய், ஓரிகன், ஹவாய் மாதிரியான மாநிலங்கள் வெளி மாநில லைசென்ஸ் எதையும் ஏற்பதில்லை.

2022 ஜூனில் உச்ச நீதிமன்றம் நியூயார்க் சட்டத்தை அடித்துவிட்டதே என்று கேட்பீர்கள். லைசென்ஸ் வேண்டுமானால் தனிப்பட்ட சிறப்புக் காரணம் காட்டு என்ற நிபந்தனையைத்தான் அடித்தார்கள். லைசென்ஸே வேண்டாம் என்று சொல்லவில்லை. அடுத்த சில வாரங்களிலேயே நியூயார்க் புதுச் சட்டம் போட்டு டைம்ஸ் ஸ்கொயர், சப்வே, பூங்கா என்று தடை இடங்களின் பட்டியலை நீட்டிவிட்டது.

இன்னொன்று. டெக்சாஸில் தேவையில்லை என்றாலும் 40 டாலர் கட்டி லைசென்ஸை எடுத்து வையுங்கள். லைசென்ஸ் கேட்கிற வெளி மாநிலத்தில் உங்கள் கையில் காட்ட ஏதாவது இருக்க வேண்டும், 'எங்கள் ஊரில் தேவையில்லை' என்ற பதில் அங்கே எடுபடாது.

பிளேனோ, கிரீன் கார்டுக்காரர்: மனைவி, இரண்டு பிள்ளைகளோடு நியூஜெர்சி எடிசனில் இருக்கும் தம்பி வீட்டுக்குக் காரில் போகிறோம். டெக்சாஸ் லைசென்ஸ் இருக்கிறது. ராத்திரி ஓட்டுவதால் பாதுகாப்புக்கு எடுத்துப் போகலாமா?

நியூஜெர்சிக்கு எடுத்துப் போகாதீர்கள். கொஞ்சம் விளக்கமாகவே சொல்கிறேன், ஏனென்றால் இந்தப் பாதையில் போகிற நம் குடும்பங்கள் ஏராளம்.

பெரும்பாலானவர்கள் டென்னஸி தாண்டி ஐ-81 பிடித்துத்தான் மேலே ஏறுவீர்கள். அந்தச் சாலை வர்ஜீனியா முடிந்ததும் மேற்கு வர்ஜீனியாவில் 26 மைல், மேரிலாந்தில் வெறும் 12 மைல், அப்புறம் பென்சில்வேனியா. மேற்கு வர்ஜீனியாவில் 21 வயதானவருக்கு லைசென்ஸே தேவையில்லை, பென்சில்வேனியா டெக்சாஸ் லைசென்ஸை ஏற்கிறது. ஆனால் நடுவில் இருக்கிற அந்த 12 மைலில், ஹேகர்ஸ்டவுன் பக்கம் கால் மணி நேரம் கூட ஆகாத தூரத்தில், இடுப்பில் இருக்கிற அதே துப்பாக்கி உங்களைக் குற்றவாளி ஆக்கிவிடும். பென்சில்வேனியாவோடு பயணம் முடிகிறது என்றால் நான் சொல்கிற வழி இது: எல்லைக்கு முன்னால், மேற்கு வர்ஜீனியாவின் மார்ட்டின்ஸ்பர்க்கில் மோட்டல் போட்டால் காலையில் அறையிலேயே தோட்டாவை எடுத்து, பூட்டிய பெட்டியில் வைத்து, பெட்டியை டிக்கியில் போட்டுவிட்டுக் கிளம்புங்கள். பெட்ரோல் பங்கில் பத்துப் பேர் பார்க்கத் துப்பாக்கியைக் கையில் எடுத்து இறக்க வேண்டாம்.

நியூஜெர்சி கதை வேறு. அந்த மாநிலத்தின் பர்மிட் இல்லாமல் கைத்துப்பாக்கி எடுத்துச் செல்வது 5 முதல் 10 ஆண்டு வரை சிறை கிடைக்கக்கூடிய குற்றம், அதில் குறைந்தது 42 மாதம் பரோல் கிடையாது. 2013இல் பிலடெல்பியாவைச் சேர்ந்த ஒரு பெண், இரண்டு குழந்தைகளின் தாய், பென்சில்வேனியா லைசென்ஸ் வைத்திருந்தவர், அட்லாண்டிக் சிட்டி போகிற சாலையில் போலீஸ் நிறுத்தியபோது தன்னிடம் துப்பாக்கி இருக்கிறது என்று தானாகவே சொன்னார். சொன்ன இடத்திலேயே கைது. அதற்கு முன் அவர் மேல் ஒரு வழக்கும் கிடையாது. 2015இல் ஆளுநர் கிறிஸ் கிறிஸ்டி மன்னிப்பு கொடுத்த பிறகுதான் அவருக்கு முழு விடுதலை. அதுவரை அந்தக் குடும்பம் பட்ட பாட்டை நினைத்துப் பாருங்கள்.

உங்களுக்கு இன்னும் ஒரு படி கூடுதல் ஆபத்து. குடியுரிமை பெறாதவர் யாராக இருந்தாலும், சட்டத்துக்குப் புறம்பாகத் துப்பாக்கி வைத்திருந்ததாகத் தண்டிக்கப்பட்டால் நாடு கடத்தக் குடியேற்றச் சட்டம் இடம் தருகிறது. கிரீன் கார்டுக்கும் அது பொருந்தும். பதினைந்து வருஷம் காத்திருந்து வாங்கிய கார்டு, வீட்டுக் கடன், பிள்ளைகளின் பள்ளிக்கூடம் எல்லாம் ஒரு டிராஃபிக் ஸ்டாப்பில் தொங்கும். வீட்டு சேஃபில் பூட்டிவிட்டு, பகலில் ஓட்டுகிற மாதிரி பயணத்தைப் போட்டுக்கொள்ளுங்கள்.

ஷார்லட்டிலிருந்து: தோட்டா இல்லாமல் பூட்டி வைத்தால் எந்த மாநிலத்தையும் கடக்கலாம், 1986 மத்தியச் சட்டம் காப்பாற்றும் என்கிறார்களே? என்னிடம் எஸ்யூவி, தனி டிக்கி கிடையாது.

1986 சட்டம் உண்மைதான், ஆனால் அதன் நிபந்தனைகளைப் பாதிப் பேர் படிப்பதில்லை. நீங்கள் கிளம்புகிற இடத்திலும் போய்ச் சேருகிற இடத்திலும் அந்தத் துப்பாக்கியை வைத்திருக்கவும் எடுத்துச் செல்லவும் உங்களுக்குச் சட்டப்படி உரிமை இருக்க வேண்டும். மேலே எடிசன் போகிற பிளேனோக்காரருக்கு இந்தச் சட்டம் கைகொடுக்காது என்று சொல்வது அதனால்தான். அடுத்து, தோட்டா நிரப்பியிருக்கக் கூடாது, துப்பாக்கியும் தோட்டாவும் உட்கார்ந்த இடத்திலிருந்து கைக்கு எட்டக் கூடாது. உங்கள் எஸ்யூவி மாதிரி தனி டிக்கி இல்லாத வண்டி என்றால் பூட்டிய பெட்டிக்குள் இருக்க வேண்டும், டேஷ்போர்டு அறையும் இரண்டு சீட்டுக்கு நடுவில் இருக்கிற கன்சோலும் பூட்டு போட்டிருந்தாலும் கணக்கில் சேராது. நான் துப்பாக்கிக்கு ஒரு இரும்புப் பெட்டி, தோட்டாவுக்குத் தனிப் பெட்டி, இரண்டையும் கடைசி சீட்டுக்குப் பின்னால் என்று வைத்துக்கொள்கிறேன்.

அதோடு இது கடந்து போவதற்கான சட்டம், தங்குவதற்கானது இல்லை. 2005இல் யூட்டாவைச் சேர்ந்த ஒருவர் பென்சில்வேனியா போக நியூவார்க்கில் விமானம் மாற வேண்டியிருந்தது. இணைப்பு விமானம் தவறிவிட்டது. பெட்டியை வாங்கிக்கொண்டு ராத்திரி ஹோட்டலில் தங்கி, காலையில் கவுன்டரில் வந்து முறைப்படி துப்பாக்கி இருக்கிறது என்று சொன்னார், கைது செய்துவிட்டார்கள். பல நாள் சிறை. வழக்கு பிறகு கைவிடப்பட்டாலும் அவர் நஷ்ட ஈடு கேட்டுப் போட்ட வழக்கில் 2010இல் மேல்முறையீட்டு நீதிமன்றம், பெட்டி ராத்திரி முழுக்க அவர் கையில் இருந்ததால் 1986 சட்டம் பொருந்தாது என்று தீர்ப்பளித்தது. பூட்டிய பெட்டியாக இருந்தும்தான். எனவே அப்படிப்பட்ட மாநிலத்தில் பெட்ரோல், சாப்பாடு தவிர வேறெதற்கும் வண்டியை நிறுத்தாதீர்கள்.

ஆஸ்டினிலிருந்து ஒரு சகோதரி: கணவருக்கு கிரீன் கார்டு, எனக்கு இன்னும் எச்-1பி. அவருடைய துப்பாக்கி காரில் இருக்கும்போது நான் வண்டி ஓட்டலாமா?

இதைக் கேட்டதற்கு நன்றி அம்மா, நிறைய வீடுகளில் யாரும் யோசிக்காத விஷயம். எச்-1பி, எஃப்-1, எல்-1 மாதிரி தற்காலிக விசாவில் இருப்பவர் துப்பாக்கியோ தோட்டாவோ வைத்திருப்பதே மத்தியச் சட்டப்படி குற்றம். வேட்டை லைசென்ஸ் உள்ளவருக்கு ஒரு விலக்கு இருக்கிறது, ஆனால் அதை நம்பி எதுவும் செய்வதற்கு முன் குடியேற்ற வக்கீலிடம் கேட்டுவிடுங்கள். வைத்திருப்பது என்றால் கையில் பிடித்திருப்பது மட்டும் இல்லை, உங்கள் கட்டுப்பாட்டில் இருந்தாலே அந்த வாதம் எழும். அவர் காரிலேயே விட்டுவிட்டு ஆபீஸ் போய்விட, நீங்கள் அதே காரில் பிள்ளையைக் கூட்டிவரக் கிளம்பினால் துப்பாக்கி உங்களிடம் இருப்பதாகத்தான் ஆகும். அவர் இறங்கும்போது துப்பாக்கியும் அவரோடு இறங்க வேண்டும். வீட்டு சேஃபின் சாவியோ நம்பரோ அவரிடம் மட்டும் இருக்கட்டும்.

அட்லாண்டா: விமானத்தில்?

கைப்பையில் முடியவே முடியாது. செக்-இன் பெட்டியில் மட்டும், தோட்டா இல்லாமல், பூட்டிய கெட்டியான பெட்டிக்குள், ஒவ்வொரு முறையும் கவுன்டரில் சொல்லி. மேகசின்களும் (தோட்டா அடைக்கிற உறை) அந்தப் பூட்டிய பெட்டிக்குள்ளேயே இருந்தால் குழப்பம் இல்லை, தோட்டாவுக்கு உங்கள் விமான நிறுவனத்தின் அளவு என்ன என்று பார்த்துக்கொள்ளுங்கள். 2023இல் நாடு முழுவதும் சோதனை வாயில்களில் 6,737 துப்பாக்கிகள் பிடிபட்டன, பத்தில் ஒன்பதுக்கு மேல் தோட்டாவோடு. பெரும்பாலானவர்கள் பையில் இருந்ததை மறந்துவிட்டேன் என்றுதான் சொல்கிறார்கள், அபராதம் ஆயிரக்கணக்கில் போகும். துப்பாக்கிக்கென்று ஒரு பை வைத்திருந்தால் அந்தப் பையை வேறு எதற்கும் எடுக்காதீர்கள். டிக்கெட் போடும்போதே நியூவார்க், நியூயார்க் வழியாக மாறுகிற விமானத்தைத் தவிருங்கள், காரணம் மேலே இருக்கிறது. கிரேஹவுண்ட் பஸ்ஸில் துப்பாக்கிக்கு இடமே இல்லை.

டெட்ராய்ட்: நயாகரா போகிறோம், மேப் கனடா வழியாகத்தான் குறுக்கு வழி காட்டுகிறது.

காரில் துப்பாக்கி இருந்தால் அந்த வழியே போகாதீர்கள். மிச்சிகன் லைசென்ஸுக்குக் கனடா எல்லையில் எந்த மதிப்பும் இல்லை. டாலஸ்காரர்களுக்கு மெக்சிகோவும் அப்படியே. ஒஹையோ, பென்சில்வேனியா வழியாகச் சுற்றிப் போனாலும் அருவி இருப்பது நியூயார்க்கில், வெளி மாநில லைசென்ஸ் அங்கேயும் செல்லாது. நயாகராவுக்கு வீட்டிலேயே வைத்துவிட்டுப் போங்கள் தம்பி.

நாஷ்வில்: போலீஸ் நிறுத்தினால் நானே சொல்ல வேண்டுமா?

மிச்சிகன், வட கரோலைனா, அலாஸ்கா மாதிரி இடங்களில் கேட்காமலேயே உடனே சொல்லியாக வேண்டும். டெக்சாஸில் அடையாள அட்டை கேட்டால் லைசென்ஸையும் சேர்த்துக் காட்டச் சொல்கிறது சட்டம். வேறு சில இடங்களில் கேட்டால் மட்டும் போதும். ஓரமாக நிறுத்தி, உள் விளக்கைப் போட்டு, இரண்டு கையையும் ஸ்டீயரிங் மேல் வையுங்கள். துப்பாக்கி என்ற வார்த்தையில் ஆரம்பிக்காமல், என்னிடம் லைசென்ஸ் இருக்கிறது, இப்போது எடுத்து வந்திருக்கிறேன், இடுப்பில் வலது பக்கம் இருக்கிறது, நான் என்ன செய்ய வேண்டும் என்று நிதானமாகக் கேளுங்கள். அவர் சொல்லும் வரை பர்ஸை எடுக்கக்கூடக் கை இறங்கக் கூடாது. மனைவி, பிள்ளைகளுக்கும் இதை வீட்டிலேயே ஒரு முறை சொல்லிக்கொடுங்கள், பதற்றத்தில் பின் சீட்டிலிருந்து யாராவது 'அப்பா, துப்பாக்கி' என்று கத்தினால் விபரீதமாகிவிடும்.

ஃபீனிக்ஸ்: லைசென்ஸ் செல்லுகிற மாநிலத்துக்குள் போய்விட்டால் அப்புறம் கவலை இல்லைதானே?

இல்லை, இருக்கிறது. பள்ளிக்கூடத்திலிருந்து 1,000 அடிக்குள் துப்பாக்கி கூடாது என்ற மத்தியச் சட்டம் இருக்கிறது. அந்தப் பள்ளி எந்த மாநிலத்தில் இருக்கிறதோ அந்த மாநிலமே கொடுத்த லைசென்ஸ் உள்ளவருக்குத்தான் விலக்கு. எழுத்துப்படி பார்த்தால் வெளி மாநில லைசென்ஸ் அதில் சேராது, லைசென்ஸே தேவையில்லாத மாநிலத்தில் லைசென்ஸ் எடுக்காமல் துப்பாக்கி வைத்திருப்பவரும் சேரமாட்டார். ஊருக்குள் நுழைந்தால் எங்காவது ஒரு பள்ளி வரத்தான் செய்யும், அதனால் ஹைவேயை விட்டு இறங்குகிற ஊர்களில் நான் தோட்டா எடுத்துப் பூட்டி வைத்துவிடுகிறேன்.

தேசியப் பூங்காக்களில் 2010 பிப்ரவரியிலிருந்து அந்தந்த மாநிலச் சட்டம்தான், கிராண்ட் கேன்யன் விளிம்பில் நடக்கும்போது வைத்திருக்கலாம், ஆனால் பார்வையாளர் மையம் மத்திய அரசுக் கட்டடம், உள்ளே கூடாது. அப்புறம் மேகசின்: கொலராடோவில் 15 தோட்டா, இல்லினாயில் கைத்துப்பாக்கிக்கு 15, கலிபோர்னியா, நியூஜெர்சி, நியூயார்க்கில் 10. உங்கள் துப்பாக்கியோடு வந்த 17 தோட்டா மேகசின் அங்கே தனிக் குற்றம்.

ஹூஸ்டன்: எல்லாம் மாறிக்கொண்டே இருந்தால் எதைப் பார்த்துக் கிளம்புவது?

வாட்ஸாப்பில் வருகிற வண்ண வரைபடத்தைப் பார்த்து இல்லை. 2015 டிசம்பரில் வர்ஜீனியாவின் அட்டர்னி ஜெனரல் 25 மாநிலங்களின் லைசென்ஸை இனி ஏற்கமாட்டோம் என்று அறிவித்தார், அடுத்த மாதமே ஆளுநரும் சட்டமன்றமும் பேசி அது திரும்பிவிட்டது. அந்த நாட்களில் கிளம்பியவர் எந்த வரைபடத்தை நம்புவார்? போகிற வழியில் உள்ள ஒவ்வொரு மாநிலத்தின் போலீஸ் அல்லது அட்டர்னி ஜெனரல் இணையதளத்தையும் கிளம்புகிற வாரம் ஒரு முறை, கிளம்புகிற காலையில் ஒரு முறை பாருங்கள். மிச்சிகன், கொலராடோ மாதிரி சில மாநிலங்கள் நீங்கள் குடியிருக்கிற மாநிலம் கொடுத்த லைசென்ஸை மட்டும்தான் ஏற்கும், யூட்டாவிலிருந்து தபாலில் வாங்கி வைத்த வெளியூர் லைசென்ஸ் அங்கே உதவாது, அதையும் பார்த்துக்கொள்ளுங்கள். நான் அந்தப் பக்கங்களை அச்செடுத்து வண்டியில் வைத்துக்கொள்வேன், எந்த எல்லைக்கு முன்னால் எந்த ஊரில் நிறுத்திப் பூட்டி வைக்க வேண்டும் என்று மேலேயே பேனாவால் எழுதிவிடுவேன். உங்கள் பாதையை எழுதி அனுப்பினால் கிளம்புவதற்கு முன் நானும் ஒரு முறை பார்த்துச் சொல்கிறேன்.