குழந்தை பதில் சொல்லும்வரை பொறுங்கள்

கேள்வி: மூன்று வருடமாக விளம்பரப் படங்களுக்கு எடிட்டராக இருக்கிறேன். குழந்தைகள் நிகழ்ச்சிப் பக்கம் போக ஆசை. "அது சின்ன வேலை, கை மழுங்கிவிடும்" என்கிறார்கள் நண்பர்கள். உண்மையா?

பதில்: மழுங்காது. ஆனால் கையில் ஏறியிருக்கும் வேகத்தை இறக்கி வைக்க வேண்டியிருக்கும், கஷ்டமே அதுதான்.

நான் இந்தப் பக்கம் வந்த புதிதில் ஒரு பொம்மலாட்ட நிகழ்ச்சி. முயல் பொம்மை நம்மைப் பார்த்து "என் தொப்பி எங்கே?" என்று கேட்கும், தொப்பி அதன் தலையிலேயே இருக்கும். கேட்டு முடித்த ஒரு விநாடியில் அடுத்த ஷாட்டுக்குத் தாவிவிட்டேன். நான்கு வயதுப் பெண் ஒருத்திக்குப் போட்டுக் காட்டினோம், அவள் கையைத் தூக்கி, வாயைத் திறந்து "த..." என்பதற்குள் முயல் போய்விட்டது. தூக்கின கையை மெல்ல மடியில் வைத்துக்கொண்டாள். அன்றே அந்த ஷாட்டை நான்கு விநாடிக்கு நீட்டினேன். எடிட் அறையில் அது ஒரு யுகம் மாதிரி இருக்கும், குழந்தைக்கோ சரியாக இருக்கும். 1996-ல் தொடங்கிய அமெரிக்கக் குழந்தைகள் நிகழ்ச்சி 'ப்ளூஸ் க்ளூஸ்' இப்படிக் காத்திருந்தே குழந்தைகளைப் பிடித்தது. ஒரே எபிசோடை ஐந்து நாள் தொடர்ந்து போட்டார்கள், நாளாக ஆகக் குழந்தைகள் முந்திக்கொண்டு பதில் சொன்னார்கள்.

1969-ல் வந்த இன்னொரு அமெரிக்க நிகழ்ச்சியான 'செசமி ஸ்ட்ரீட்' குழு இன்னும் ஒரு படி மேலே. குழந்தையின் கவனத்தைக் கலைக்கவென்றே டிவிக்குப் பக்கத்தில் வேறொரு திரை வைத்து, ஏழரை விநாடிக்கு ஒரு ஸ்லைடு மாற்றி, குழந்தையின் கண் எந்த இடத்தில் டிவியை விட்டு விலகுகிறது என்று குறித்தார்கள். இதைச் சின்ன வேலை என்று எப்படிச் சொல்வது!

பொறுப்பும் அதிகம். 1997 டிசம்பரில் ஜப்பானில் 'போகிமான்' கார்ட்டூனின் ஒரு எபிசோடில் சிவப்பும் நீலமும் மாறி மாறி மின்னியதில் 600-க்கும் மேற்பட்டவர்கள், பெரும்பாலும் குழந்தைகள், ஆஸ்பத்திரிக்குப் போக வேண்டியதாயிற்று. திரை விநாடிக்கு மூன்று முறைக்கு மேல் மின்னக் கூடாது என்பதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள். பின்னணி இசை வசனத்தை அமுக்காமலும் பாருங்கள், புதுச் சொல்லை அவர்கள் முதல்முறை கேட்பதே உங்கள் எபிசோடில்தானோ என்னவோ.

சரி, எப்படி நுழைவது? மூன்று வருட அனுபவம் இருந்தாலும் உதவி எடிட்டராகச் சேரத் தயங்காதீர்கள். குழந்தை நடிகர்களை நாளுக்குச் சில மணி நேரம்தான் வேலை வாங்கலாம், டேக் குறைவாகத்தான் கிடைக்கும். ஒரு டேக்கில் முகம், இன்னொன்றில் குரல் என்று ஒட்டவைக்கக் கற்றுக்கொள்வது அங்கேதான். அனிமேஷன் என்றால் வேலை தலைகீழ். வரைந்த படங்களைத் தற்காலிகக் குரலோடு அடுக்கி ஒரு மாதிரி வீடியோ செய்வோம், அதற்குப் பெயர் அனிமேட்டிக். அதில் ஒவ்வொரு ஷாட்டும் எவ்வளவு நேரம் என்று முதலிலேயே முடிவு செய்துவிடுவோம், அப்புறம்தான் அனிமேஷன்.

வேலை கேட்டு அனுப்பும் ஷோரீலில், அதாவது உங்கள் வேலைகளின் தொகுப்பு வீடியோவில், வேகமான விளம்பரங்களை மட்டும் அடுக்காதீர்கள். ஒரே ஒரு இரண்டு நிமிடக் கதையை நிதானமாக வெட்டிச் சேருங்கள். என் அறைக்கு வரும் ஷோரீல்களில் நான் முதலில் தேடுவது அதைத்தான்.