பன்றி விலா: எந்த வெட்டு, எத்தனை கிலோ?

கேள்வி: 'பேபி பேக்' என்று விலை கூட்டி விற்கிறார்களே, அது குட்டிப் பன்றியின் விலாவா? (குழித்துறை)

பதில்: இல்லை. வளர்ந்த பன்றியில் முதுகெலும்பை ஒட்டி இருக்கும் விலா. எலும்பு குட்டை, அதனால் அந்தப் பெயர்.

கேள்வி: வீட்டில் ஞானஸ்நான விருந்து, 25 பேர். விலா 5 கிலோ போதும் என்கிறார் கடைக்காரர். (மார்த்தாண்டம்)

பதில்: வேறு என்ன சமைக்கிறீர்கள் என்பதை எழுதவில்லையே! மரச்சீனியோடு விலா மட்டும்தான் என்றால் ஆளுக்குப் பச்சையாக அரை கிலோ, ஆக 12½ கிலோ. கோழியும் மீனும் உண்டென்றால் கால் கிலோ, ஆக 6¼ கிலோ. சிறுபிள்ளைகளுக்கு அதில் பாதி. வெந்து சுருங்கி, எலும்பும் கழிந்தால் மிஞ்சும் கறி வாங்கிய எடையில் பாதிகூட இராது. கடைக்காரர் கணக்கில் ஆளுக்கு 100 கிராம் கறிகூடத் தேறாது.

கேள்வி: கிறிஸ்துமஸுக்கு முன்பணம் கொடுத்து 6 கிலோ விலா சொல்லியிருந்தேன். வெட்டிக் கட்டி வந்த பொதியில் பாதி கழுத்தெலும்பும் தண்டெலும்பும். கேட்டால் 'எல்லாம் விலாதான்' என்கிறார். வாங்கியது பாறசாலையில். (களியக்காவிளை)

பதில்: உங்கள் மேல் தவறில்லை. பண்டிகைக் கூட்டத்தில் அதிகம் நடக்கும் ஏமாற்று இதுதான். நான் வாங்கிய 3 கிலோ பொதியிலும் ஒரு கிலோவுக்கு மேல் தண்டெலும்பு இருந்தது. துண்டு போட்டுவிட்டால் எது எங்கிருந்து வந்தது என்று சொல்வது கஷ்டம். அதனால் விலாவை முழுசாகக் காட்டச் சொல்லி, நிறுத்து, பிறகு வெட்டச் சொல்லுங்கள்.

முதுகுப் பக்க விலா நன்றாக வளைந்திருக்கும், கொழுப்பு குறைவு. ஒரு பக்கம் முக்கால் கிலோவுக்கு முன்பின் நிற்கும், இரண்டு பேருக்கு ஆகும். வயிற்றுப் பக்க விலாதான் 'ஸ்பேர் ரிப்ஸ்'. எலும்பு நீண்டு தட்டையாக இருக்கும், கொழுப்பு கூடுதல், ஒன்றேகால் முதல் ஒன்றரை கிலோ வரை வரும், மூன்று பேருக்கு ஆகும். அதன் கீழ் ஓரத்து நெஞ்செலும்பையும் குருத்தையும் அறுத்து நீள்சதுரமாக்கினால் 'செயின்ட் லூயிஸ்' வெட்டு. கழிவு போனதால் கிலோ விலை கூடும், அது நியாயம். ஆனால் அந்த விலையை வாங்கிக்கொண்டு, அறுத்த குருத்தையும் அதே பொதியில் தள்ளுவது திருட்டு. பன்றி சிறிதானால் விலாவும் சிறுக்கும். எனவே எண்ணி வாங்காதீர்கள், நிறுத்தே வாங்குங்கள்.

பில்லையும் படத்தையும் பத்திரப்படுத்தி, முதலில் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் கூப்பிட்டுப் புகார் சொல்லுங்கள். கடை கேரளத்தில் இருக்கிறதே என்று தயங்க வேண்டாம். 2019 நுகர்வோர் பாதுகாப்புச் சட்டப்படி நீங்கள் குடியிருக்கும் மாவட்டத்திலேயே வழக்குப் போடலாம், உங்களுக்கு நாகர்கோவில். 5 லட்சம் ரூபாய் வரை கட்டணம் கிடையாது.

கேள்வி: 'கன்ட்ரி ஸ்டைல் ரிப்ஸ்' வாங்கினேன், எலும்பே இல்லை. ஏமாந்துவிட்டேனா? (அருமனை)

பதில்: இல்லை. தோள்பட்டைப் பக்கம் வெட்டும் கறி அது, எலும்பில்லாமலும் வரும். ஆளுக்குக் கால் கிலோ தாராளம்.

கேள்வி: விலை குறைவென்று 4 கிலோ உறைந்த பாக்கெட் எடுத்தேன். தேதி பார்க்கவில்லை, பில்லையும் எறிந்துவிட்டேன். இப்போது நாற்றம் அடிக்கிறது. (தக்கலை)

பதில்: தேதியும் பார்க்கவில்லை, பில்லும் இல்லை. எதைக் காட்டிப் பணம் கேட்பீர்கள்? நல்லமிளகைக் கூட்டிப் போட்டுச் சமைத்துவிடலாம் என்று மட்டும் நினைக்காதீர்கள். குழி தோண்டிப் புதையுங்கள். உறையாவது கையில் இருந்தால் அதில் பொதிந்தவர் முகவரியும் 14 இலக்க உரிம எண்ணும் இருக்கும், அதை வைத்து உணவுப் பாதுகாப்பு அலுவலரிடம் புகார் கொடுக்கலாம். இனி வாங்கும்போது பாக்கெட்டின் அடியைப் பாருங்கள். ரத்தநீர் கட்டியாக உறைந்து கிடந்தால், அது ஒருமுறை இளகி மறுபடி உறைந்த சரக்கு.

கேள்வி: எத்தனை நேரம் வேகவைத்தாலும் விலா ரப்பர் போல இருக்கிறது. கிழட்டுப் பன்றியோ? (கருங்கல்)

பதில்: உள்பக்கத்து வெள்ளைச் சவ்வை உரித்தீர்களா? ஓர் எலும்பின் மேல் கரண்டிக் காம்பைச் செருகி நெம்பி, வழுக்காமல் துணியால் பிடித்து இழுத்தால் ஒரே தாளாக வரும். அதை விட்டால் உப்பும் காரமும் அந்தப் பக்கம் இறங்காது. பிறகு மூடிபோட்டு, சிறுதீயில் இரண்டு மணி நேரம். பெருந்தீயில் கொதித்தால் கறி இறுகும். கறி பின்வாங்கி எலும்பு முனை ஒரு விரற்கடை வெளியே தெரிந்தால் இறக்கலாம்.