கெர்ஜெனெத்ஸ் போர்: அசையாத முகங்கள்

வணக்கம் சார்,

நீங்கள் சொன்னதால் ‘கெர்ஜெனெத்ஸ் போர்’ அனிமேஷன் குறும்படம் பார்த்தேன். பத்து நிமிடம்தான், ஆனாலும் மனதில் ஒட்டவில்லை. யார் முகத்திலும் அசைவில்லை, பேச்சும் இல்லை. பழைய சித்திரப் புத்தகத்தை யாரோ புரட்டிக் காட்டுவதுபோல இருந்தது. மறைந்துபோன நகரத்தின் கதை என்றீர்கள், அது என்ன கதை?

மலர்விழி

அன்புள்ள மலர்விழி,

முதலில் கதை. மங்கோலிய-தாத்தாரியத் தலைவன் பாத்து கானின் படை கீத்தெஜ் என்ற ரஷ்ய நகரத்தை நெருங்குகிறது, மக்கள் கையேந்தி வேண்டுகிறார்கள், நகரமே கண்ணுக்குத் தெரியாமல் போய்விடுகிறது. ரஷ்யாவின் நீஷ்னி நோவ்கோரத் பகுதியில் உள்ள ஸ்வெத்லோயார் ஏரிக்கு அடியில் அது இருக்கிறது, கரையில் அமைதியாக நின்றால் மணியோசை கேட்கும் என்பார்கள். இன்றும் அந்த ஏரியைச் சுற்றி வந்து வேண்டிக்கொள்கிறவர்கள் உண்டு. ரஷ்ய இசையமைப்பாளர் ரிம்ஸ்கி-கோர்சகோவ் இதை ஓபராவாக்கி (பாடியே நடிக்கும் இசை நாடகம்) 1907இல் அது மேடையேறியது. அதில், படையைத் தடுக்க கெர்ஜெனெத்ஸ் ஆற்றங்கரையில் நடக்கும் போரை நடித்துக் காட்டுவதில்லை. இரண்டு காட்சிகளுக்கு நடுவே வாத்தியங்கள் மட்டும் முழங்கும். அந்த இசைப்பகுதியின் பெயரைத்தான் இயக்குநர்கள் இவானோவ்-வானோவும் யூரி நோர்ஷ்டெயினும் 1971இல் படத்துக்கு வைத்தார்கள்.

சித்திரப் புத்தகம் என்று நீங்கள் சொன்னது சரிதான். 14 முதல் 16ஆம் நூற்றாண்டு வரையிலான ரஷ்யச் சுவரோவியங்களிலிருந்தும் தேவாலயப் படங்களிலிருந்தும் எடுத்த உருவங்கள் அவை, தட்டையாக வைத்து, கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்தி, ஒவ்வொரு சட்டமாக (ஃபிரேமாக) படம்பிடித்தது. ஒரு நொடிக்கு 24 சட்டம் ஓடுகிறது, பத்து நிமிடத்துக்கு 14,400. இவ்வளவு பொறுமை உள்ளவர்களுக்கு ஒரு புருவத்தை உயர்த்துவதா கஷ்டம்? வேண்டாம் என்று விட்டிருக்கிறார்கள் என்றுதான் நான் நினைக்கிறேன். தேவாலயப் படத்தில் இருக்கும் முகம் அந்த நொடியில் அழுகிற முகம் அல்ல, எல்லா அழுகையையும் முன்பே பார்த்துவிட்ட முகம். அதை அழவைத்தால் சின்னதாகிவிடும். அதனால் அசைவெல்லாம் குதிரைகளுக்கும் ஈட்டிகளுக்கும் போய்விட்டது, அழுகை இசைக்குப் போய்விட்டது. எனக்கு அந்த அசையாத கண்களைப் பார்க்கும்போதுதான் தொண்டை அடைக்கிறது.

இன்னொரு முறை பாருங்கள், நல்ல ஹெட்போனோடு. தாத்தாரியப் படைக்கு ரிம்ஸ்கி-கோர்சகோவ் கொடுத்த மெட்டைக் கவனியுங்கள். தாத்தாரியரிடம் சிறைப்பட்டுப் போனவர்களைப் பற்றி ரஷ்ய ஜனங்கள் பாடிவந்த நாட்டுப்பாட்டிலிருந்து அவர் எடுத்தது அது. அடித்தவன் வருகிறான் என்று சொல்ல, அடிபட்டவன் பாட்டு.